முகாமா, கட்டடமா, மருத்துவமாதா? ஊருக்குக் காசு அனுப்புமுன் ஒரு கணக்கு

கொழும்பில் இருக்கும் ஊர்ச் சங்கங்களில் வருடத்துக்கு ஒரு தடவையாவது இந்தப் பேச்சு வந்துவிடும்: ஊருக்கு ஏதாவது செய்யவேண்டும், என்ன செய்யலாம்? முன்பு பாடசாலைக்குக் கொப்பி, கோயிலுக்கு வர்ணம் என்று போன காசு இப்போது மருத்துவப் பக்கம் திரும்பியிருக்கிறது. வெள்ளவத்தையில் நான் போய்வரும் சங்கத்திலும் அதே கதைதான். வன்னியில் உள்ள எங்கள் ஊருக்கென்று சேர்த்த காசை எதில் போடுவது என்பதில் மூன்று கட்சி. டொக்டர்மாரை வான் வண்டியில் ஏற்றிக்கொண்டு போய் இலவச மருத்துவ முகாம் வைப்போம் என்கிறது ஒன்று. ஒரு கிளினிக் கட்டடம் கட்டிக் கொடுத்தால் நிரந்தரமாக இருக்கும் என்கிறது இன்னொன்று. அந்தப் பகுதியில் ஏற்கெனவே வேலை செய்யும் மருத்துவமாதுக்கும் (வீடு வீடாகப் போய்க் கர்ப்பிணிகளையும் பிள்ளைகளையும் பார்க்கும் அரச ஊழியர்) பி.எச்.ஐக்கும் (பொதுச் சுகாதாரப் பரிசோதகர்) வேலை ஓடத் தேவையானதைச் செய்து கொடுத்தால் போதும் என்பது மூன்றாவது. நான் மூன்றாவது கட்சி. ஆனால் மற்ற இரண்டும் வெறும் பேச்சு என்று சொல்ல வரவில்லை.

இந்த மூன்றையும் இந்தத் தீவு ஏற்கெனவே பெரிய அளவில் செய்து பார்த்திருக்கிறது. அரசாங்கக் காசில், தோட்டத் துரைமாரின் காசில், அமெரிக்கக் காசில். என்ன நடந்தது என்பதும் தெரியும். அதைப் பார்த்துவிட்டுக் கை உயர்த்தலாமே என்பதுதான் என் எண்ணம்.

நான்காவதாக ஒன்றையும் சிலர் சொல்கிறார்கள்: நோயாளிகளைக் கொழும்புக்குக் கூப்பிட்டுப் பார்ப்பது. மகரகம புற்றுநோய் ஆஸ்பத்திரிக்கு வருபவர்களுக்குத் தங்க இடம் பார்த்துக் கொடுப்பதை நம் ஆட்கள் காலங்காலமாகச் செய்கிறார்கள், செய்யத்தான் வேண்டும். ஆனால் அது உறவுக்குச் செய்யும் கடமை. ஊருக்கான சுகாதாரத் திட்டத்தில் அதைச் சேர்க்க முடியாது.

சரி, முதலில் முகாம்.

முகாமின் கவர்ச்சி எனக்கும் புரியும். காலையில் பாடசாலை மண்டபத்தில் மேசை போட்டு, பெயர் பதிந்து, பிரஷர் பார்த்து, விரலில் குத்திச் சீனி பார்த்து, பின்னேரத்துக்குள் நூற்றுக்கணக்கான பேரைப் பார்த்துவிடலாம். படம் எடுத்து அனுப்பினால் காசு தந்தவர்களுக்கும் சந்தோஷம். கண்ணாடி வாங்கிக்கொண்ட கிழவி அன்றைக்கே பேப்பர் வாசிக்கிறாள். அதைக் குறைத்துச் சொல்ல முடியாது. ஆனால் பிரஷர் நூற்றெண்பது என்று அன்றைக்குத் தெரிந்துகொண்டவர் கையில் கிடைப்பது இரண்டு கிழமைக் குளிசை. மூன்றாவது கிழமை அவர் எங்கே போனார் என்பது நம் கணக்கில் இல்லை.

முகாம் முறைக்கு இங்கே நடந்த மிகப் பெரிய பரீட்சை கொக்கிப்புழு இயக்கம். அமெரிக்க றொக்பெல்லர் மன்றத்தின் ஆட்கள் 1916இல் மாத்தளைப் பக்கத் தோட்டங்களில் அதைத் தொடங்கினார்கள். நோக்கம் பெரியது. லயன் அறைகளில் இருந்தவர்களில் பெரும்பாலானோரின் குடலில் கொக்கிப்புழு. இரத்தம் வற்றி, வெளிறி, மலை ஏற முடியாத உடம்பு. ஆட்களை வரிசையில் நிறுத்தி மருந்து கொடுத்தார்கள். அந்த மருந்தும் லேசுப்பட்டதல்ல. செனோபோடியம் என்ற செடியிலிருந்து வடித்த எண்ணெய், கூடவே பேதிக்கு உப்பு. குடித்த அன்று வேலைக்குப் போக முடியாது.

புழு செத்தது உண்மை. ஆனால் கொக்கிப்புழுவின் குஞ்சு வெறுங்காலின் தோலைத் துளைத்துக்கொண்டு உள்ளே போவது. தோட்டத்தில் கக்கூஸ் இல்லை. மலம் மண்ணில், மண்ணில் புழு, அந்த மண்ணில் செருப்பில்லாத கால். குளிசையும் எண்ணெயும் மனிதனைச் சுத்தம் செய்தன, மண் அப்படியே கிடந்தது. கக்கூஸ் கட்டும் செலவுக்குத் துரைமார் பலர் மனம் வைக்கவில்லை. மருந்து குடித்தவர்களுக்குத் திரும்பவும் தொற்றியது. இயக்கத்தை நடத்தியவர்களுக்கே பத்து வருடத்துக்குள் இது விளங்கிவிட்டது. 1926இல் அதே மன்றத்தின் உதவியோடு களுத்துறையில் தொடங்கியது முற்றிலும் வேறு மாதிரியான ஒன்று. அதற்குக் கீழே வருகிறேன்.

முகாம் கைகொடுத்த காலமும் உண்டு. 1934இல் தென்மேல் பருவமழை பொய்த்தது. வருடம் முழுக்க ஓடும் ஆறுகள் வற்றிக் குட்டைகளாகின. மலேரியாவைக் காவும் நுளம்பு பெருகுவதற்கு அதைவிட நல்ல இடம் கிடையாது. வழக்கமாக மலேரியா வாட்டும் வறண்ட பகுதியை விட, கேகாலை, குருநாகல் பக்கச் சனம்தான் அந்தமுறை கூடுதலாக அடிபட்டது. பழக்கமில்லாத காய்ச்சல், உடம்பில் எதிர்ப்பு இல்லை, ஏற்கெனவே பட்டினி. 1935 முடிவதற்குள் செத்தவர்கள் ஏறத்தாழ 80,000 பேர். இருந்த ஆஸ்பத்திரிகள் நிரம்பி வழிந்தன. குவினைன் கொடுக்க அவசர நிலையங்கள் திறக்க வேண்டி வந்தது. கொழும்பிலிருந்து இளைஞர்கள் மருந்தும் சாப்பாடும் கொண்டு ஊர் ஊராகப் போனார்கள். பிற்பாடு நாட்டு அரசியலில் பெரிய பெயர்களான என். எம். பெரேரா, பிலிப் குணவர்த்தன, டொக்டர் எஸ். ஏ. விக்கிரமசிங்க எல்லோரும் அதில் இருந்தவர்கள். அந்த நேரத்தில் ‘முகாம் போதாது, நிலையான அமைப்பு வேண்டும்’ என்று யாராவது நியாயம் பேசியிருந்தால் அடிக்கத்தான் தோன்றியிருக்கும்.

வெள்ளம், சுனாமி, இடப்பெயர்வு என்றால் இன்றைக்கும் அதே நியாயம்தான். ஆனால் 2004 சுனாமிக்குப் பின் இலங்கையில் எல்லோரும் பயந்த அளவுக்குத் தொற்றுநோய் ஏதும் வெடிக்கவில்லை என்பதையும் மறக்கக்கூடாது. வெளியிலிருந்து வந்த டொக்டர்மாரோடு, ஒவ்வொரு பகுதியிலும் ஏற்கெனவே இருந்த பி.எச்.ஐமாரும் மருத்துவமாதர்களும் கிணறு கிணறாகக் குளோரின் போட்டுக்கொண்டும், இடம்பெயர்ந்தோர் முகாமில் யார் கர்ப்பிணி என்று தேடிக்கொண்டும் நின்றார்கள்.

நடமாடும் சேவையையே ஒழுங்காகச் செய்த ஒரு உதாரணமும் இருக்கிறது. மலேரியாவையே எடுங்கள். 1940களின் நடுவில் டி.டி.ரி. என்ற நுளம்பு மருந்து அடிக்கத் தொடங்கி, 1963இல் நாடு முழுக்க 17 பேருக்குத்தான் மலேரியா என்ற நிலை வந்தது. சரி முடிந்தது என்று கையை எடுத்தார்கள். 1969இல் ஐந்து இலட்சத்துக்கு மேல். பிற்காலத்தில் மலேரியாத் தடுப்பு இயக்கத்தின் நடமாடும் கிளினிக்குகள் வேறு விதமாக வேலை செய்தன. எட்டாத ஊர்களுக்குத் திரும்பத் திரும்பப் போவது, காய்ச்சல் வராதவரிடமும் இரத்தம் எடுத்துப் பார்ப்பது, பதிவு வைப்பது. யுத்தம் நடந்த காலத்திலும் அது முழுக்க நிற்கவில்லை. 2012க்குப் பிறகு உள்ளூரில் தொற்றிய மலேரியா இல்லை. 2016இல் உலக சுகாதார நிறுவனம் மலேரியா இல்லாத நாடு என்று சான்று கொடுத்தது. ஆக, வான் போவதில் பிழையில்லை. வான் எப்போது திரும்பி வரும் என்று ஊருக்குத் தெரிந்திருக்கிறதா என்பதுதான் கேள்வி. நம் சங்கத்தின் வான் எப்போது திரும்பி வரும்? அடுத்த வருடம், காசு சேர்ந்தால்.

இனிக் கட்டடம்.

கட்டடக் கட்சிக்காரர்களின் வாதம் எளிது: டொக்டர் வருவார் போவார், சுவர் நிற்கும். இங்கே சுவர்களின் வரலாறு நீளமானது. ஆங்கிலேயர் 1858இல் சிவில் மருத்துவத் திணைக்களத்தைத் தொடங்கினார்கள். ஆஸ்பத்திரிகள் பெரும்பாலும் பட்டினத்திலும், துறைமுகத்திலும், தோட்டப் பாதையிலும் எழுந்தன. வருமானம் வரும் இடங்கள் அவை. தோட்டங்களுக்கென்று 1872இல் தனிச் சட்டமே வந்தது. அதன் வழியே மாவட்ட ஆஸ்பத்திரிகளும் டிஸ்பென்சரிகளும் வந்தன. கட்டடம் இருந்தது, மருந்துப் போத்தல் இருந்தது. ஆனால் தோட்டத்து டிஸ்பென்சருக்குச் சம்பளம் கொடுப்பவரும், ஒருநாள் வேலை தவறினால் அதைக் கணக்குப் பார்ப்பவரும் ஒரே துரை. நோயாளி எப்போது நோயாளி என்பதை அந்தக் கணக்குத் தீர்மானித்தது. நாட்டின் மற்றப் பகுதிகளில் குழந்தை இறப்பு குறைந்துகொண்டு போனபோது தோட்டங்கள் பல பத்தாண்டுகள் பின்தங்கி நின்றதற்கு இது ஒரு காரணம் என்றுதான் நான் நினைக்கிறேன்.

ஆனால் 1931இல் சர்வசன வாக்குரிமை வந்த பிறகு கதை கொஞ்சம் மாறியது. ஊர்ச் சனத்தின் வாக்கு வேண்டுமென்றால் ஊருக்கு ஆஸ்பத்திரி வேண்டும். அதோடு மலேரியா கொடுத்த அடி. அந்தப் பத்தாண்டிலும் அடுத்ததிலும் கிராமிய ஆஸ்பத்திரி, மத்திய மருந்தகம், மகப்பேற்று மனை என்று தூரத்து ஊர்களிலும் கட்டினார்கள். 1951இல் கட்டணமும் போனது. இன்றைக்கும் இலங்கையில் ஏழை எளியவர் பக்கத்தில் ஒரு அரச ஆஸ்பத்திரிக்குக் காசில்லாமல் போகலாம் என்றால் அந்தச் சுவர்கள்தான் காரணம். கட்டடத்தை இளக்காரமாகப் பேச எனக்கு உரிமையில்லை.

ஒரு வித்தியாசம் இருக்கிறது. அரசாங்கம் கட்டியபோது ஆளையும் சேர்த்து அனுப்பியது. அப்போதிக்கரி என்ற உதவி வைத்தியர் ஒருவர், மருத்துவமாது ஒருவர், மருந்து கலக்க ஒருவர், எல்லோருக்கும் குவாட்டர்ஸ். நாம் கட்டும்போது சுவரை மட்டும்தான் கட்டுவோம். வடக்கில் ஒரு ஊரில் வெளிநாட்டுக் காசில் கட்டிய கிளினிக் ஒன்றைப் பார்த்தேன். டைல்ஸ் போட்ட தரை, நன்கொடையாளர் பெயர்கள் செதுக்கிய கருங்கல், கதவில் பூட்டு. விசாரித்தால், காணி இன்னும் தனியார் பெயரில். திணைக்களத்துக்கு எழுதிக் கொடுக்கவில்லை. அதனால் ஆளணி அனுமதியும் இல்லை. தண்ணீர் இணைப்பும் வரவில்லை. மருத்துவமாது மாதம் ஒருமுறை பக்கத்துச் சனசமூக நிலையத்தில் மரத்தடித் தராசில்தான் பிள்ளைகளை நிறுக்கிறார். டைல்ஸ் போட்ட கட்டடத்துக்கு முன்னால்தான் அந்த மரம்.

மூன்றாவது வழிதான் எனக்குப் பிடித்தது என்று முதலிலேயே சொன்னேன். அதற்கு இங்கே இரண்டு வேர் இருக்கின்றன.

ஒன்று யாழ்ப்பாணத்தில். அமெரிக்க மிஷன் டொக்டர் சாமுவேல் கிறீன் 1847இல் வந்து, மானிப்பாயில் இருந்து மருத்துவம் படிப்பித்தவர். முதலில் ஆங்கிலத்தில் படிப்பித்தார். படித்தவர்கள் அரசாங்க வேலை எடுத்துக்கொண்டு வெளியிடங்களுக்குப் போய்விட்டார்கள். அப்புறம் தமிழிலேயே படிப்பிக்கத் தொடங்கினார், புத்தகங்களையும் தமிழுக்குக் கொண்டுவந்தார். தமிழ்மீது அவருக்கு இருந்த பற்றைப் பற்றி நாங்கள் நிறையப் பேசுவோம். எனக்கு அதைவிட முக்கியமாகத் தெரிவது அவருடைய நடைமுறைக் கணக்கு: தமிழில் படித்தவன் ஊரோடு இருப்பான். 1873இல் அவர் திரும்பிப் போகும்போது அறுபது பேருக்கு மேல் பயிற்றுவித்திருந்தார்.

இன்னொன்று முன்பு சொன்ன களுத்துறை. 1926இல் அங்கே தொடங்கிய சுகாதாரப் பிரிவை ஆசியாவின் முதலாவது என்று சொல்வார்கள். நோயாளி வரட்டும் என்று காத்திருக்காமல், ஒரு எல்லையை வகுத்து, அதற்குள் இருக்கும் வீடு, கிணறு, கக்கூஸ், பாடசாலை, கர்ப்பிணி, பிறப்பு, இறப்பு எல்லாவற்றையும் பதிவது. அந்த எல்லைக்கு ஒரு சுகாதார வைத்திய அதிகாரி பொறுப்பு. அவருக்குக் கீழே பரிசோதகர், தாதி, மருத்துவமாதர். கக்கூஸ் இல்லாத வீட்டுக்கு மருந்து கொடுப்பதற்கு முன் கக்கூஸ் கட்டவைப்பது. மாத்தளை மலையில் படித்த பாடம் களுத்துறையில் வேலைக்கு வந்தது. பிறகு அதே முறை நாடெங்கும் போனது. இன்றைய எம்.ஓ.எச். (சுகாதார வைத்திய அதிகாரி) பணிமனை எல்லாமே அதன் பேரப்பிள்ளைகள்.

இதில் நடு ஆள் மருத்துவமாது. ஏறத்தாழ மூவாயிரம் பேருக்கு ஒருவர், ஒன்றரை வருடப் பயிற்சி. எங்கள் பகுதி மருத்துவமாதின் கொப்பியை ஒருமுறை புரட்டிப் பார்க்கத் தந்தார். வீட்டு இலக்கம், தாயின் பெயர், கடைசி மாதவிடாய்த் திகதி, பிள்ளை பிறக்கவேண்டிய திகதி, ஊசி, இரத்தப் பரிசோதனை, எந்த ஆஸ்பத்திரி. ஒரு பெயருக்குப் பக்கத்தில் பென்சிலால் ‘கணவர் கட்டார், மாமியோடு’ என்று எழுதியிருந்தது. இன்னொன்றில் ‘பஸ் இல்லை, முன்கூட்டியே அனுப்பவும்’. பிள்ளை பிறந்த சில நாட்களுக்குள் அவர் வீட்டு வாசலில் நிற்பார். பெண்பிள்ளைக்கு இளஞ்சிவப்பு, ஆண்பிள்ளைக்கு நீலம் என்று கையில் கிடைக்கும் அந்தச் சுகாதார வளர்ச்சிப் பதிவேட்டை நாம் எல்லோரும் வீட்டில் பார்த்திருக்கிறோம். முகாமுக்கு வருபவர்கள் வரக்கூடியவர்கள். இந்தக் கொப்பியில் வராதவர்களின் பெயரும் இருக்கிறது.

பலன்? 1930களில் இலங்கையில் ஒரு இலட்சம் பிறப்புக்கு 2,000க்கும் மேற்பட்ட தாய்மார் இறந்தார்கள். 1950 அளவில் அது 600க்குக் கீழே வந்துவிட்டது. இது முழுக்க மருத்துவமாதின் புண்ணியம் என்று சொன்னால் பொய். மலேரியா குறைந்தது, பென்சிலின் வந்தது, இரத்தம் ஏற்ற முடிந்தது, பிரசவ ஆஸ்பத்திரி பக்கத்தில் வந்தது. 1879இல் கொழும்பில் தொடங்கிய டி சொய்சா மகப்பேற்று மனையில் பயிற்சி பெற்ற பெண்கள் ஊருக்குப் போயிருக்காவிட்டால், ஆபத்தை முன்பே கண்டு அந்த ஆஸ்பத்திரிக்கு அனுப்ப யாரும் இருந்திருக்கமாட்டார்கள். ஆஸ்பத்திரி இல்லாவிட்டால் அவர்கள் கண்டுபிடித்தும் பயனில்லை. ஒன்றுக்கு ஒன்று துணை.

ஊர்ப் பெண்களே சேர்ந்து இயங்கும் வழியை இதே கொழும்பில் இருந்து தொடங்கிய ஒருவரையும் சொல்லவேண்டும். டொக்டர் மேரி ரட்ணம் கனடாவில் பிறந்தவர், யாழ்ப்பாணத் தமிழரைக் கட்டி இங்கேயே வாழ்ந்தவர். 1930இல் லங்கா மகிளா சமிதியை ஆரம்பித்து, கிராமத்துப் பெண்களைச் சங்கங்களாகச் சேர்த்து, சத்துணவு, பிள்ளை வளர்ப்பு, வீட்டுத் தோட்டம் என்று பழக்கினார். 1958இல் மகசேசே விருது கிடைத்தது. கொழும்பில் இருப்பவர்களால் ஊருக்கு என்ன செய்ய முடியும் என்று கேட்பவர்களுக்கு அவரைத்தான் காட்டுவேன்.

மூன்றாவது வழியின் பலவீனம் எனக்குத் தெரியாததல்ல. ஆள் இல்லாவிட்டால் ஒன்றும் இல்லை. எங்கள் பக்கத்தில் ஒருவர் தன் பகுதியோடு பக்கத்துப் பகுதிக்கும் பதில் கடமை பார்க்கிறார். மருத்துவமாதை நியமிக்கச் சங்கத்தால் முடியாது. அது அரசாங்க வேலை. அவருக்கு நேரடியாகக் காசு கொடுக்கவும் முடியாது, கொடுக்கவும் கூடாது. முதியவர்களின் பிரஷர், சீனி எல்லாம் அவருடைய முதல் வேலையும் அல்ல. இன்னொரு பிரச்சினை, இதில் திறப்பு விழா கிடையாது. கூட்டத்தில் ஒரு பெரியவர் நேராகவே கேட்டார்: “தம்பி, முகாம் வைச்சால் ஆயிரம் சனம் வரும். நிறுக்கிற தராசு வாங்கிக் குடுத்தால் ஆர் பாக்கிறது?” அவர் கேட்டதில் நியாயம் இருக்கிறது. பார்க்காவிட்டால் அடுத்த வருடம் காசு வராது.

அதனால் என் வாக்கு இப்படிப் போகும். காசின் பெரும்பகுதி, எம்.ஓ.எச். பணிமனை எழுத்தில் கேட்கும் பொருட்களுக்கு, பிராந்திய சுகாதார சேவைகள் பணிமனை ஊடாக. பிள்ளைத் தராசு, பிரஷர் பார்க்கும் கருவி, கிளினிக் நடக்கும் சனசமூக நிலையத்துக்குத் தண்ணீர்த் தொட்டியும் மறைப்புத் திரையும், கர்ப்பிணிகள் உட்காரக் கதிரை. கக்கூஸ் இல்லாத வீடுகளின் பட்டியல் பி.எச்.ஐயிடம் இருக்கும், அதில் எத்தனையை முடிக்க முடியுமோ அத்தனை.

முகாமை ஒரேயடியாக விடவேண்டியதில்லை. கண்ணுக்கும் பல்லுக்கும் மட்டும் வைக்கலாம். அவை இரண்டும் ஊர்ச் சனத்துக்கு லேசில் கிடைப்பதில்லை. கண்ணாடி கொடுத்தால் அன்றோடு வேலை பெருமளவு முடிகிறது. பிரஷர், சீனி பார்ப்பதென்றால் அளவு கூடிய ஆட்களின் பெயரை அன்றைக்கே பக்கத்து ஆஸ்பத்திரியின் கிளினிக்கில் பதிந்து, போகவேண்டிய திகதியைச் சீட்டில் எழுதிக் கையில் கொடுத்த பிறகுதான் அனுப்பவேண்டும். குளிசைப் பை கொடுத்து அனுப்பும் வேலை வேண்டாம். படம் எடுப்பவர்கள் கண் பரிசோதனையில் எடுத்துக்கொள்ளட்டும், படமும் நன்றாக வரும்.

கட்டடத்துக்கு இப்போது ஒரு சதமும் வேண்டாம். காணி உறுதி திணைக்களத்தின் பெயரில், ஆளணி உண்டு என்று கடிதம், தண்ணீர், மின்சாரம், பராமரிப்பு யார் கையில் என்ற பதில்: இவ்வளவும் வந்த பிறகு கேளுங்கள், நானே முதல் ஆளாகக் கை உயர்த்துவேன்.

அடுத்த கூட்டத்துக்கு முன் யாராவது ஊர்ப் பக்கம் போனால், எம்.ஓ.எச். பணிமனையில் ‘உங்களுக்கு என்ன வேண்டும்’ என்று பொதுவாகக் கேட்காதீர்கள். அப்படிக் கேட்டால் வாகனமும் கட்டடமும்தான் சொல்வார்கள். போன வருடம் கிளினிக்குக்கு வரத் தவறிய தாய்மார் எந்தெந்த ஒழுங்கைகளில் இருக்கிறார்கள், ஏன் வரவில்லை என்று மருத்துவமாதிடம் கேட்டுக்கொண்டு வாருங்கள். பஸ் காசு என்றால் அது ஒரு செலவு, மழைக்கு உடையும் மதகு என்றால் அது வேறு செலவு.